நான் எழுதாமல் விட்டது

என் நாவல்களில் இதுவரை பதினோரு பிரசவங்கள் நடந்திருக்கின்றன. சென்ற மாதம் ஒரு நாள் வேலையில்லாமல் உட்கார்ந்து எண்ணிப் பார்த்தேன். பதினொன்றும் ஒரே மாதிரிதான். கதாநாயகி காலையில் காப்பி டம்ளரைக் கையில் எடுப்பாள். உடனே வாயைப் பொத்திக்கொண்டு கொல்லைப்புறம் ஓடுவாள். மாமியார் முகம் மலரும். அடுத்த அத்தியாயத்தில் வளைகாப்பு. அதற்கடுத்த அத்தியாயத்தில் ஆஸ்பத்திரித் தாழ்வாரத்தில் கணவன் குறுக்கும் நெடுக்கும் நடப்பான், கதவு திறக்கும், உள்ளேயிருந்து குழந்தையின் அழுகுரல். இடையில் கழிந்த ஒன்பது மாதமும் அந்தப் பெண்ணின் உடம்புக்குள் என்ன நடந்தது என்று நானும் கேட்டதில்லை, வாசகர்களும் கேட்டதில்லை. நான் எழுதியிருந்தால் பத்திரிகை ஆசிரியர் சிவப்பு மையால் அடித்திருப்பார். அது வேறு விஷயம்.

இன்று அதைப் பற்றித்தான் எழுதப் போகிறேன். சங்கோசப்படுகிறவர்கள் தாராளமாகப் பக்கத்தைப் புரட்டிக்கொண்டு அடுத்த கட்டுரைக்குப் போய்விடலாம். அதில் கும்பகோணம் வெற்றிலையைப் பற்றி எழுதியிருக்கிறேன். ஆனால் வீட்டில் கர்ப்பிணிப் பெண் இருக்கிறாள் என்றால் கொஞ்சம் இருந்து கேட்டுவிட்டுப் போங்கள்.

எங்கள் வீடு ஐயப்பன்தாங்கலில் இருக்கிறது. 1994ல் நாங்கள் இங்கே வந்தபோது வீட்டுக்குப் பின்னால் ராத்திரி முழுவதும் தவளைகள் கத்தும். இப்போது மவுண்ட்-பூந்தமல்லி நெடுஞ்சாலையில் மெட்ரோ ரயில் தூண்கள் நிற்கின்றன. பஸ் டெர்மினஸில் ஹாரன் சத்தம் ஓய்வதில்லை. தவளைகள் எங்கே போயினவோ தெரியாது. ‘தாங்கல்’ என்றால் சின்ன ஏரி. மழைத் தண்ணீரைத் தாங்கி வைத்திருப்பது. இந்த ஊர்ப் பெயரை முப்பது வருஷமாகக் கடிதங்களில் எழுதியும் அந்தச் சொல்லை நான் நின்று யோசித்ததில்லை. என் மகள் இரண்டாவது முறை உண்டாகி இங்கே வந்து தங்கியபோதுதான் யோசித்தேன்.

முதல் முறை அவளால் தாங்க முடியவில்லை. முப்பத்தோராவது வாரத்தில் பிரசவமாகிவிட்டது. பெண் குழந்தை. கண்ணாடிப் பெட்டிக்குள் நாலு நாள் இருந்தது. அதற்குமேல் அதைப் பற்றி எழுத எனக்கு இஷ்டமில்லை.

இரண்டாவது முறை ஐந்தாம் மாதம் ஆரம்பத்தில் ஒரு நாள் மத்தியானம் அவள் சமையலறை வாசற்படியில் வந்து நின்றாள். ஏதோ சொல்ல வருகிறாள், சொல்லவில்லை. கறிவேப்பிலையை ஆய்ந்துகொண்டிருந்த நான் நிமிர்ந்து பார்த்தேன்.

“என்னடி?”

“ஒண்ணுமில்லைம்மா. ரொம்ப வெள்ளைப்படுது.”

இதைச் சொல்ல அவளுக்கு மூன்று நாள் ஆகியிருந்தது என்று பிறகு தெரிந்தது. கம்ப்யூட்டர் கம்பெனியில் இருபது பேரை மேய்க்கிறவள், பெற்ற தாயிடம் இதைச் சொல்ல மூன்று நாள்! அவளைக் குறை சொல்லி என்ன பயன்? நான் என் தாயாரிடம் சொன்னதே இல்லை. அவளாகக் கண்டுபிடித்து, “உடம்பு சூடு” என்று ஒரே வார்த்தையில் தீர்ப்புச் சொல்லி, ஊறவைத்த வெந்தயத்தைக் கையில் கொடுத்துவிட்டுப் போய்விடுவாள். சூடு என்றால் என்ன, எங்கிருந்து வந்தது என்றெல்லாம் கேட்கும் வழக்கம் எங்கள் வீட்டில் கிடையாது.

எனக்குத் தெரிந்த வைத்தியம் வேறொன்று. 1988ல் என் மகள் என் வயிற்றில் இருந்தபோது அடுத்த வீட்டு அம்மாள், நாகரிகம் தெரிந்தவள், சொல்லிக் கொடுத்தது. கிருமிநாசினித் திரவத்தை வெந்நீரில் இரண்டு மூடி விட்டு உள்ளே நன்றாகக் கழுவ வேண்டும். “கிருமி அண்டாது பாருங்க” என்றாள். அதைத்தான் என் மகளுக்கும் சொன்னேன். பாட்டிலை நானே கடையில் வாங்கிக் கொடுத்தேன். நாலு நாள் கழித்து எரிச்சல் வந்துவிட்டது. அவளைக் கூட்டிக்கொண்டு டாக்டரம்மாவிடம் போனேன்.

டாக்டரம்மாவுக்கு என்னைவிடப் பத்து வயது குறைவு. மேஜைக்குப் பின்னால் உள்ள அலமாரியில் ஏ. லட்சுமணசாமி முதலியார் எழுதிய பிரசவ வைத்தியப் புத்தகம், மேனன் சேர்ந்து திருத்திய பதிப்பு, முதுகு கிழிந்து நிற்கும். எழும்பூர் பிரசவ ஆஸ்பத்திரிக்கு முதல் இந்திய சூப்பரின்டெண்டாக இருந்தவர் அல்லவா அவர்! 1938ல் முதலில் வந்த புத்தகம், இன்றும் மாணவர்கள் படிக்கிறார்கள் என்று டாக்டரம்மா சொன்னாள். ஒரு நாவலாசிரியைக்கு இதைவிடப் பொறாமை உண்டாக்கும் செய்தி இருக்க முடியாது.

பரிசோதித்துவிட்டு வந்து கையைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்:

“உள்ளே கழுவினியா? யார் சொன்னது?”

என் மகள் என்னைப் பார்க்கவில்லை. பார்க்காமலிருந்ததுதான் காட்டிக் கொடுத்துவிட்டது.

டாக்டரம்மா என்னைக் கடிந்துகொள்ளவில்லை. மஞ்சள் நிறத்தில் சின்னத் துண்டுக் காகிதம் ஒன்றைக் காட்டினாள். பரிசோதனையின்போது அதைத் தொட்டு எடுத்திருந்தாளாம். “புளிப்பு இருக்கான்னு பார்க்கிற காகிதம். நாலு, நாலரை காட்டணும். அவ்வளவு புளிப்பு இருக்கிறதுதான் ஆரோக்கியம். இங்கே கொஞ்சம் ஏறியிருக்கு. நீங்க கழுவிவிட்டது கிருமியை இல்லை, காவல்காரனை” என்றாள்.

அப்புறம் சொன்னதுதான் எனக்குப் புதிது. அந்த இடத்தில் இயற்கையாகவே ஒரு நுண்ணுயிர்க் கூட்டம் குடியிருக்கிறது. பாலைத் தயிராக்குகிற பாக்டீரியாக்களுக்குப் பங்காளி முறை. லாக்டோபேசில்லஸ் என்று குடும்பப் பெயர். அவை லாக்டிக் அமிலத்தை உண்டாக்கி அந்த இடத்தைப் புளிப்பாக வைத்திருக்கின்றன. அந்தப் புளிப்பில் மற்றக் கிருமிகள் தலையெடுக்க முடிவதில்லை. தயிர்ப் பானையில் வேறொன்றும் விளையாத மாதிரி.

“அப்போ நிறையத் தயிர் சாப்பிட்டால் போதுமா?” என்று நான் கேட்டேன். அசட்டுக் கேள்விதான். பானையில் இருப்பவை பெரும்பாலும் வேறு இனங்களாம். தயிர் சாதம் வயிற்றுக்கு நல்லது. அத்தோடு நிறுத்திக்கொள்ளச் சொன்னாள். வெள்ளைப்படுவதைப் பற்றியும் சொன்னாள். கர்ப்ப காலத்தில் அது அதிகமாவது சகஜம். மெலிந்த பால் மாதிரி, வாடையில்லாமல், அரிப்பில்லாமல் இருந்தால் அதைப் பொருட்படுத்த வேண்டாம். நிறம் மாறினால், நாற்றம் வந்தால், அரித்தால், தண்ணீராகக் கசிந்தால், ரத்தம் பட்டால், நேரம் காலம் பார்க்காமல் ஓடிவர வேண்டும். மூன்று நாள் வாசற்படியில் நிற்கக் கூடாது.

வீட்டுக்கு வந்து அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. காரணத்தைப் பிறகு சொல்கிறேன். மறுநாள் டாக்டரம்மாவுக்குப் போன் செய்து, இதைப் பற்றிப் படிக்க ஏதாவது இருக்கிறதா என்று கேட்டேன். சிரித்துவிட்டு நாலைந்து ஆராய்ச்சிக் கட்டுரைகளை அனுப்பி வைத்தாள். பக்கத்தில் அகராதியை வைத்துக்கொண்டு பதினைந்து நாள் படித்தேன். துப்பறியும் நாவல் படிக்கிற மாதிரிதான் இருந்தது.

கதை ஜெர்மனியில் ஆரம்பிக்கிறது. 1892ல் ஆல்பர்ட் டோடர்லைன் என்ற பிரசவ வைத்தியர் பெண்களின் பிறப்புவழியில் கோல் வடிவமான பாக்டீரியாக்கள் இருப்பதைக் கண்டு எழுதினார். அவை உண்டாக்கும் அமிலம் சீழ்க் கிருமிகளை வளர விடுவதில்லை என்றும் காட்டினார். அது பிரசவ ஜன்னியில் தாய்மார்கள் கொத்துக் கொத்தாகச் செத்த காலத்துக்குச் சற்றுப் பிந்திய காலம். 1847ல் வியன்னா ஆஸ்பத்திரியில் ஸெம்மல்வைஸ் என்ற டாக்டர், “பிரசவம் பார்க்கிறவர்கள் குளோரின் சுண்ணாம்பு நீரில் கை கழுவிவிட்டு வாருங்கள்” என்று சொன்னதற்காகப் பட்டபாடு பிரசித்தம். கை கழுவச் சொன்னவரை அன்று யாரும் கேட்கவில்லை. பின்னால் எல்லாரும் கேட்டார்கள். கேட்டதோடு நில்லாமல், கழுவ வேண்டாத இடத்தையும் கழுவக் கிளம்பிவிட்டார்கள். அடுத்த வீட்டு அம்மாளும் நானும் அந்தப் படையின் கடைசி வரிசை.

டோடர்லைனுக்குப் பிறகு நூறு வருஷத்துக்கு மேல் இந்த விஷயம் அவ்வளவாக நகரவில்லை. பாக்டீரியாக்களை ஒவ்வொன்றாகக் கண்ணாடித் தட்டில் வளர்த்துத்தான் பார்க்க வேண்டியிருந்தது. வளராதவற்றைக் காண வழியில்லை. மரபணுவைப் படித்து இன்னார் இன்னார் என்று சொல்லும் முறை வந்த பிறகுதான் முழு ஜாபிதா கிடைத்தது. 2011ல் அமெரிக்காவில் ரவேல் என்பவரும் அவர் சகாக்களும் 396 பெண்களைச் சோதித்து எழுதினார்கள். எல்லாரும் நோயில்லாத பெண்கள். அவர்களுடைய பாக்டீரியாக் கூட்டங்களை ஐந்து வகையாகப் பிரிக்க முடிந்தது. நாலு வகையில் லாக்டோபேசில்லஸ் குடும்பத்தைச் சேர்ந்த ஏதாவதொன்று ஆட்சி செய்கிறது. கிரிஸ்பேட்டஸ், ஐனர்ஸ், காஸ்ஸெரி, ஜென்சனியை என்று நாலு பேர். ஐந்தாவது வகையில் ராஜா கிடையாது. பல ஜாதியும் கலந்து வாழும் சந்தைக்கடை. அந்த ஐந்தாவது வகைப் பெண்களிலும் நோயற்றவர்கள் இருந்தார்கள் என்பதைக் கவனிக்க வேண்டும். இயற்கை எந்த விதியையும் எழுதிவிட்டு, ஓரத்தில் ‘சில விதிவிலக்குகள் உண்டு’ என்று பொடி எழுத்தில் சேர்க்காமல் விடுவதில்லை.

இந்தக் கூட்டம் சாதாரண நாளில் நிலையாக இருப்பதில்லை. சில பெண்களுக்கு வாரத்துக்கு வாரம் மாறுகிறது. முக்கியமாக மாதவிலக்கு நாட்களில். ரத்தம் புளிப்புக்கு எதிரி. ஹார்மோனும் அப்போது இறங்கியிருக்கும். அந்தச் சில நாளில் மற்றவை உள்ளே நுழைந்து, பிறகு மறுபடி விரட்டப்படுகின்றன.

கர்ப்பம் தரித்ததும் என்ன நடக்கிறது? இங்கேதான் நான் அகராதியை மூடி வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன்.

2014ல் ரொமெரோ என்ற டாக்டரும் அவர் குழுவினரும் டெட்ராய்ட்டிலிருந்து வெளியிட்ட கட்டுரை. மாதம் நிறைந்து பெற்ற 22 பெண்களைக் கர்ப்ப காலத்தில் திரும்பத் திரும்பச் சோதித்து, கர்ப்பமில்லாத 32 பெண்களோடு ஒப்பிட்டார்கள். கர்ப்பிணிகளின் கூட்டம் மற்றவர்களுடையதைவிட நிலையாக இருந்தது. மாற்றமே இல்லை என்பதல்ல. மாறினாலும் பெரும்பாலும் ஒரு லாக்டோபேசில்லஸின் கையிலிருந்து இன்னொரு லாக்டோபேசில்லஸின் கைக்குத்தான் ஆட்சி போயிற்று. சாவிக்கொத்து மாமியார் இடுப்பிலிருந்து மருமகள் இடுப்புக்குப் போகிறது. வீட்டை விட்டு வெளியே போவதில்லை.

காரணத்தை இப்படி ஊகிக்கிறார்கள். நஞ்சு உற்பத்தி செய்யும் ஈஸ்ட்ரோஜன் மாதத்துக்கு மாதம் ஏறுகிறது. (நஞ்சு என்றதும் பயப்பட வேண்டாம், குழந்தையோடு ஒட்டிய நஞ்சுக்கொடியைத்தான் சொல்கிறேன்.) ஈஸ்ட்ரோஜன் ஏற ஏற, பிறப்புவழியின் உட்சுவர் தடித்து, அதன் செல்களில் கிளைக்கோஜன் என்ற மாச்சத்து சேர்கிறது. செல்கள் உதிர்கின்றன. தாயின் உடம்பிலுள்ள ஒரு நொதி அந்த மாச்சத்தைச் சர்க்கரைத் துண்டுகளாக உடைத்துப் போடுகிறது. காவல்காரர்கள் அதைத் தின்று அமிலம் சுரக்கிறார்கள். மாதவிலக்கும் இல்லை, கூட்டத்தைக் கலைக்க ஆளில்லை. அவள் காலையில் சாப்பிட்ட இட்லியை வாந்தி எடுத்துவிட்டு, “எனக்கு ஒண்ணும் வேண்டாம்” என்று படுத்திருக்கிற நேரத்திலும், உள்ளே யாருக்கோ வேளை தவறாமல் பந்தி நடந்துகொண்டிருக்கிறது! பதினோரு பிரசவம் எழுதிய எனக்கு இது தெரியாது.

காவல் எதற்கு என்பதையும் படித்தேன். 2015ல் ஸ்டான்ஃபோர்டு சர்வகலாசாலையில் 49 கர்ப்பிணிகளை வாராவாரம் சோதித்தார்கள். கர்ப்பம் நெடுகிலும் கூட்டம் பெரும்பாலும் நிலையாகவே இருந்தது. யாருக்கு லாக்டோபேசில்லஸ் குறைந்து மற்றவை மிகுந்திருந்ததோ அவர்களிடையே குறைப்பிரசவம் கூடுதலாகக் காணப்பட்டது. கீழேயிருந்து கிருமிகள் மேலே ஏறி, பனிக்குடத்தின் சவ்வில் அழற்சியை உண்டாக்குவது குறைப்பிரசவத்துக்கு ஒரு காரணம் என்பது வைத்தியர்கள் ஏற்றுக்கொண்ட விஷயம்.

இந்த வாக்கியத்தைப் படித்த இடத்தில்தான் என் பழைய பயம் ஊர்ஜிதமானது போலிருந்தது. தூக்கம் வராததன் காரணத்தைப் பிறகு சொல்கிறேன் என்றேனே, அது இதுதான். முதல் முறையும் வெந்நீரும் பாட்டிலும் கொடுத்தவள் நான்தான்.

மறுநாள் மகளுக்குத் தெரியாமல் டாக்டரம்மாவிடம் போனேன். சாயங்காலம் கூட்டம் குறையும் வரையில் பெஞ்சியில் உட்கார்ந்திருந்தேன். உள்ளே போனதும் கேட்டேவிட்டேன்: “அந்தக் குழந்தை, அதனால்தானா?”

அவள் உடனே ‘இல்லை’ என்று சொல்லவில்லை. அதற்காக இன்றுவரை அவளிடம் எனக்கு மரியாதை.

“அப்படிச் சொல்ல முடியாதும்மா. அதனால இல்லைன்னும் சொல்ல முடியாது. குறைப்பிரசவத்துக்கு எத்தனையோ காரணம். பாதிப் பேருக்குக் காரணமே தெரியறதில்லை. நல்ல காவல் இருந்தவங்களுக்கும் ஆகியிருக்கு, சந்தைக்கடையா இருந்தவங்க பத்து மாசம் நிறைஞ்சு பெத்திருக்காங்க” என்றாள். பிறகு, ‘அப்படியானால் மருந்து கொடுத்துச் சரி செய்யக் கூடாதா?’ என்று நான் கேட்கப் போவதை முன்கூட்டியே அறிந்தவள்போல் அதையும் சொன்னாள். செய்து பார்த்திருக்கிறார்கள். தொந்தரவு ஏதுமில்லாமல் கூட்டம் மட்டும் கலைந்திருந்த கர்ப்பிணிகளுக்கு அமெரிக்காவில் ஒரு மருந்து கொடுத்துப் பார்த்த முடிவு 2000ல் வந்தது. பிரான்ஸில் இன்னொரு மருந்தைக் கொடுத்துப் பார்த்தது 2018ல் வந்தது. இரண்டிலும் குறைப்பிரசவம் குறையவில்லை. கிருமியைக் கொல்வது சுலபம், கலைந்த குடியை மறுபடி அமர்த்துவது சுலபமல்ல என்று நான் அர்த்தம் பண்ணிக்கொண்டேன். தொந்தரவு உள்ளவர்களுக்கு மருந்து வேண்டியதுதான், அது வேறு என்றாள்.

நம் தேசத்திலும் இதை விட்டுவிடவில்லை. 2020ல் உலகத்தில் சுமார் 1 கோடியே 34 லட்சம் குழந்தைகள் மாதம் நிறையாமல் பிறந்தன. அவற்றில் ஏறக்குறைய 30 லட்சம் இந்தியாவில். வேறெந்த நாட்டிலும் இவ்வளவு இல்லை. ஃபரீதாபாத்திலுள்ள மத்திய சர்க்கார் ஆராய்ச்சி நிலையம் ஒன்று 2015 முதல் குருகிராம் அரசு ஆஸ்பத்திரிக்கு வரும் ஆயிரக்கணக்கான கர்ப்பிணிகளைத் தொடர்ந்து கவனித்து வருகிறது. திட்டத்துக்குப் பெயர் ‘கர்ப்பிணி’. அங்கே சேகரிக்கப்படுகிற மாதிரிகளில் நான் சொல்லிக்கொண்டிருக்கும் இந்தக் கூட்டமும் உண்டு. தினக்கூலிக்காரர் மனைவிகளும் தொழிற்சாலைத் தொழிலாளர் மனைவிகளும் வரிசையில் நிற்கும் ஆஸ்பத்திரி அது. தாயிடம் சொல்லக் கூசுகிற சமாசாரத்தை அவர்கள் ஒரு பஞ்சுக் குச்சியில் தேசத்துக்குக் கொடுத்திருக்கிறார்கள்.

அன்று ராத்திரி மகளிடம் சொன்னேன். பாட்டில் விஷயம், டாக்டரம்மா சொன்னது, நான் கேட்டது, எல்லாவற்றையும். அவள் இடது பக்கமாகப் படுத்துக்கொண்டு கேட்டாள். வெகுநேரம் பேசவில்லை.

“எனக்குத் தெரியும்மா. நானும் தேடிப் படிச்சேன். உங்கிட்ட எப்படிக் கேக்கறதுன்னுதான்…” என்றாள்.

அதற்கப்புறம் இருவரும் அந்தக் குழந்தையைப் பற்றி முதல்முறையாகப் பேசினோம். அதன் கை விரல்கள் யாருடைய விரல்களைப் போல் இருந்தன என்பதில் எங்களுக்குள் அபிப்பிராய பேதம் இருந்தது. அவள் தன் மாமியார் விரல் என்றாள். நான் ஒப்புக்கொள்ளவில்லை.

இரண்டாவது குழந்தை முப்பத்தொன்பதாவது வாரத்தில் பிறந்தது. ஆண். மூன்று கிலோவுக்குக் கொஞ்சம் குறைவு. உள்ளே வெறும் தண்ணீர்கூடப் படாமல், வெளியே மட்டும் கழுவிக்கொண்டு கடைசி நாலு மாதத்தைக் கழித்தாள். அதனால்தான் நிறைமாதம் ஆயிற்று என்று நான் சொல்லத் தயாராயில்லை; டாக்டரம்மாவும் சொல்லவில்லை.

பிரசவம் ஆனதும் காவல் கலைந்துவிடுகிறது. நஞ்சு வெளியேறியவுடன் ஈஸ்ட்ரோஜன் சடாரென்று இறங்குகிறது, மாச்சத்து நின்றுவிடுகிறது, லாக்டோபேசில்லஸ் கூட்டம் கலைந்து பல ஜாதியும் உள்ளே வருகின்றன. சிலருக்கு ஒரு வருஷம் வரையில்கூட அப்படியே இருக்கிறது என்று அந்த ஸ்டான்ஃபோர்டு கட்டுரையே சொல்கிறது. அடுத்தடுத்துப் பிள்ளை உண்டாகாமல் இடைவெளி விடச் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்குமோ என்று அவர்கள் யோசிக்கிறார்கள். என் தாயார் இருந்திருந்தால் பிரசவ லேகியத்தை உருட்டிக் கையில் கொடுத்து, “ஒரு வருஷத்துக்கு மாப்பிள்ளை அவர் ஊரிலேயே இருக்கட்டும்” என்று சொல்லியிருப்பாள். காரணம் கேட்டிருந்தால், “சூடு” என்று சொல்லியிருப்பாள்.

பாட்டில் பாதிக்குமேல் மிச்சமிருந்தது. தூக்கி எறிய மனம் வரவில்லை. காசு கொடுத்து வாங்கியது. வேலைக்கு வரும் பெண்ணிடம் கொடுத்துக் குளியலறைத் தரையைத் தேய்க்கச் சொன்னேன். தரை நன்றாகவே பளபளக்கிறது.